கூலியா, இனாமா? இமையத்தின் எழுத்தை முன்வைத்துச் சில எண்ணங்கள்

(விருத்தாசலத்தில் நடந்த இலக்கியக் கூட்டம் ஒன்றில் ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)

செராமிக் தொழிற்பேட்டையில் வேலை முடித்து, கையில் ஒட்டிய மண்ணைக் கழுவிவிட்டு நேராக இங்கே வந்திருக்கும் தோழர்களுக்கு ஒரு வணக்கம்.

ஓர் எழுத்தாளரைப் பற்றி அவர் புழங்கும் ஊரிலேயே பேசுவது கொஞ்சம் சங்கடமான வேலை. “இமையமா? நேற்றுகூடக் கடைவீதியில் பார்த்தேனே” என்று சொல்லக்கூடியவர்கள் இந்த அரங்கில் பலர் இருப்பீர்கள். அவரிடம் படித்தவர்களும் இருக்கலாம். ஆளைத் தெரியும் என்பதாலேயே புத்தகத்தைப் படிக்காமல் விட்டவர்களும் இருப்பீர்கள். அது தப்பில்லை, உள்ளூர் வழக்கம்தான். ஆனால் இன்று ஆளை ஒதுக்கி வைத்துவிட்டுப் புத்தகங்களைப் பேசலாம் என்று நினைக்கிறேன்.

வாழ்க்கையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். இயற்பெயர் வெ. அண்ணாமலை. 1964-இல் பிறந்தவர். வேப்பூர்ப் பக்கத்துக் கழுதூர்க்காரர். திருச்சி பெரியார் ஈ.வெ.ரா. கல்லூரியில் படித்தார். அங்கே இருந்த காலத்தில் ஆங்கிலப் பேராசிரியர் எஸ். ஆல்பர்ட்டின் பழக்கம் கிடைத்தது. உலக இலக்கியம் அவர் வழியாகத்தான் இந்த இளைஞனிடம் வந்து சேர்ந்தது. பிறகு அரசுப் பள்ளி ஆசிரியர் வேலை. 1994-இல் க்ரியா பதிப்பகம் அவருடைய முதல் நாவலான ‘கோவேறு கழுதைகள்’ நூலை வெளியிட்டது. அப்போது அவருக்கு வயது 30. அதற்குப் பின் ‘ஆறுமுகம்’, ‘செடல்’, ‘எங் கதெ’, ‘செல்லாத பணம்’, ‘வாழ்க வாழ்க’ என்று நாவல்கள். ‘மண்பாரம்’, ‘வீடியோ மாரியம்மன்’, ‘கொலைச் சேவல்’, ‘சாவு சோறு’, ‘நறுமணம்’ என்று சிறுகதைத் தொகுதிகள். 2018-இல் வந்த ‘செல்லாத பணம்’ 2020-ஆம் ஆண்டுக்கான சாகித்திய அகாதெமி விருதைப் பெற்றது. கனடா தமிழ் இலக்கியத் தோட்டத்தின் இயல் விருதும் அவருக்குக் கிடைத்திருக்கிறது. திராவிட முன்னேற்றக் கழகத்துக்காரர் என்பதை அவரும் மறைத்ததில்லை, நாமும் மறைக்க வேண்டியதில்லை.

இனி விஷயத்துக்கு வருகிறேன்.

இமையத்தின் கதைகளைத் தொடர்ந்து படிக்கிறவர்களுக்கு ஒன்று கண்ணில் படும். எல்லாக் கதையிலும் யாரோ ஒருவர் யாரிடமோ எதையோ கேட்டுக்கொண்டு நிற்கிறார். நெல் கேட்டு நிற்கிறார்கள், சோறு கேட்டு நிற்கிறார்கள், மகளுடைய உயிரைக் கேட்டு நிற்கிறார்கள், கூட்டத்துக்கு வந்ததற்கான காசைக் கேட்டு நிற்கிறார்கள். கேட்கிறவர் அதைத் தன் கூலி என்று நினைக்கிறார். கொடுக்கிறவர் அதைத் தன் இனாம் என்று நினைக்கிறார். இந்த இரண்டு நினைப்புக்கும் நடுவில் இருக்கிற தூரம்தான் சாதி என்பது என் கட்சி. அந்தத் தூரத்தைத் தமிழில் இவ்வளவு துல்லியமாக எழுதிய நாவலாசிரியர் வேறொருவர் இல்லை என்பதும் என் கட்சி. மறுப்பவர்கள் கடைசியில் கேள்வி நேரத்தில் மறுக்கலாம்.

‘கோவேறு கழுதைகள்’ ஒரு புதிரை வண்ணார் குடும்பத்தின் கதை. ஆரோக்கியம், அவள் புருஷன் சவுரி, அவர்களுடைய பிள்ளைகள். கத்தோலிக்கக் குடும்பம். புதிரை வண்ணார் என்றால் யார் என்று இந்த மாவட்டத்தில் வயதானவர்களுக்கு விளக்க வேண்டியதில்லை, இளைஞர்களுக்காகச் சொல்கிறேன். குடித்தெருவுக்குத் துணி வெளுக்கிற வண்ணார் வேறு. காலனிக்குத் துணி வெளுக்கிறவர்கள் இவர்கள். ஊர் யாரை ஒதுக்கி வைத்திருக்கிறதோ, அவர்களும் தங்களுக்குக் கீழே ஒரு வீட்டை ஒதுக்கி வைத்திருக்கிறார்கள். அந்த ஒரு வீடுதான் இந்த நாவல்.

1932-ஆம் ஆண்டின் இறுதியில் ‘தி இந்து’ நாளிதழில் ஒரு செய்தி வந்தது. திருநெல்வேலிப் பகுதியில் புரத வண்ணார் என்று ஒரு பிரிவினர் இருக்கிறார்கள், கண்ணில் பட்டாலே தீட்டு என்பதால் பகலில் வெளியே வர அவர்களுக்கு அனுமதியில்லை, இரவில்தான் துணி வெளுக்கிறார்கள் என்றது அந்தச் செய்தி. அம்பேத்கர் தம் எழுத்தில் இந்தச் செய்தியை எடுத்துக்காட்டியிருக்கிறார். தொடக் கூடாதவர்கள் என்ற நிலைக்கும் கீழே பார்க்கக் கூடாதவர்கள் என்று ஒரு நிலை இருந்தது. 1994-இல் இமையம் அதே புதிரை வண்ணார் குடும்பம் ஒன்றைப் பட்டப்பகலில் கொண்டுவந்து நம் முன்னால் நிறுத்தினார்.

ஆரோக்கியத்தின் வேலை என்னவென்று கொஞ்சம் கிட்டப் போய்ப் பார்ப்போம். வீடு வீடாக அழுக்கு எடுக்க வேண்டும். தீட்டுத்துணியும் அதில் அடக்கம். வெள்ளாவி வைத்து, வெளுத்து, எந்தத் துணி எந்த வீட்டுத் துணி என்று குழம்பாமல் திருப்பிக் கொடுக்க வேண்டும். பிள்ளைப் பேறு என்றால் ஓட வேண்டும், அவள்தான் மருத்துவச்சி. பெண் வயதுக்கு வந்தால், கல்யாணம் என்றால், சாவு என்றால் அவள் இல்லாமல் எதுவும் நடக்காது. சாவு வீட்டில் அவள் அழுகிற ஒப்பாரி சொந்தக்காரர்களின் அழுகையைவிடப் பெரிதாக இருக்கும். அந்த அழுகையில் நடிப்பு இல்லை. அந்தச் செத்துப்போன மனுஷியின் பிரசவத்துக்குப் போய் நின்றவள் இவள்தானே.

இவ்வளவுக்கும் சம்பளம் என்று ஒன்று கிடையாது. இரவில் கூடையோடு வீடு வீடாகப் போய்ச் சோறு எடுக்க வேண்டும். அறுவடைக் காலத்தில் களத்துமேட்டுக்குப் போய் நின்று தன் பங்கைக் கேட்க வேண்டும். நாவலில் அந்தக் களத்துமேட்டுப் பகுதிகளை நிதானமாகப் படியுங்கள் என்று கேட்டுக்கொள்கிறேன். ஆரோக்கியம் எப்படிக் கேட்கிறாள் என்று கவனியுங்கள். முதலில் களத்துக்காரரை வாழ்த்துவாள். பிறகு அவர் அப்பா காலத்துப் பெருமையைச் சொல்வாள். பிறகு தன் வீட்டுக் கஷ்டம். அதற்கும் பிறகுதான் வருஷம் பூராவும் தான் செய்த வேலை. அதையும் கணக்குச் சொல்கிற தொனியில் சொல்ல முடியாது. கணக்குச் சொன்னால் திமிர் என்பார்கள். உரிமையை யாசகமாக மாற்றிப் பேசத் தெரிந்தால்தான் அளந்து போடுவார்கள். ஆரோக்கியத்தின் வாய்ச்சாமர்த்தியம் முழுவதும் அங்கே செலவாகிறது.

நாவல் நகர நகர அந்தப் பங்கு சுருங்குகிறது. காரணம் யாருடைய கெட்ட மனசும் இல்லை, அதுதான் இந்த நாவலின் பலம். சலவைக் கடை வந்துவிட்டது. சோப்பு வந்துவிட்டது. இஸ்திரிப் பெட்டியோடு ஒருவன் கடைவீதியில் உட்கார்ந்துவிட்டான். இளவட்டங்களுக்குக் காலனி வண்ணாத்தி வெளுத்த வேட்டியைவிடக் கடையில் மடித்துக் கொடுக்கிற சட்டை பிடிக்கிறது. தானியமாகக் கொடுத்த கை காசாகக் கொடுக்கப் பழகுகிறது. காசு என்றால் எண்ணித்தான் கொடுப்பார்கள். வேலை குறையக் குறைய, மீதி இருக்கிற வேலைக்கான கூலியும் இனாமாகிவிடுகிறது. “இவளுக்கு எதுக்குக் குடுக்கணும்?” என்று ஒரு தலைமுறை கேட்க ஆரம்பிக்கிறது. பழைய அடிமைத்தனம் போகிறது, நல்லதுதான். போகிறபோது அது ஆரோக்கியத்தின் கூடையையும் காலியாக்கிவிட்டுப் போகிறது. அவளுக்கு வேறு கைத்தொழில் கிடையாது, நிலம் கிடையாது, படிப்பு கிடையாது. விடுதலை வருகிற வழியில் முதலில் நசுங்குகிறவர் யார் என்ற கேள்வியை நம் சமூக வரலாற்று நூல்கள் ஓரிரு வரியில் கடந்துவிடும். நாவலோ பக்கம் பக்கமாக அதன் முகத்தைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருக்கிறது.

மேரியின் கதை உங்களில் படித்தவர்களுக்குத் தெரியும். ஆரோக்கியத்தின் மகளைச் சீரழிப்பவன் குடித்தெரு ஆள் இல்லை. அவர்கள் யாருக்குத் துணி வெளுக்கிறார்களோ அந்தத் தெருவைச் சேர்ந்தவன். அதை வாய்விட்டுச் சொல்லக்கூட அந்தக் குடும்பத்துக்கு ஒரு சபை இல்லை. சொல்லிவிட்டால் நாளைக்கு எந்த வீட்டு வாசலில் போய்ச் சோறு கேட்பது?

இந்த இடத்தில்தான் சண்டை வந்தது.

1990-களின் தொடக்கத்தை நினைத்துப் பாருங்கள். 1991 அம்பேத்கர் நூற்றாண்டு. 1992-இல் பாமாவின் ‘கருக்கு’. அதற்கு முன்பே சிவகாமியின் ‘பழையன கழிதலும்’. தலித் இலக்கியம் என்ற பெயரோடு ஒரு பேரலை எழும்பிய நேரம். அந்த நேரத்தில், ஒடுக்கப்பட்டவர்களே இன்னொருவரை ஒடுக்குகிறார்கள் என்று எழுதினால் அது யாருக்கு உதவும் என்ற கேள்வி எழுந்தது. ராஜ் கௌதமன் போன்ற முக்கியமான தலித் விமர்சகர்கள் நாவலைக் கடுமையாக விமர்சித்தார்கள். மறுபக்கம் சுந்தர ராமசாமி போன்றவர்கள் அதை மிக உயரத்தில் வைத்துப் பாராட்டினார்கள். இமையமோ தன்னைத் தலித் எழுத்தாளர் என்று அழைப்பதை ஏற்கவில்லை. இன்றுவரை ஏற்கவில்லை.

நான் அந்த விமர்சகர்களை எளிதாகத் தள்ளிவிட மாட்டேன். அவர்களுடைய பயத்தில் நியாயம் இருந்தது. “பாத்தியா, அவங்களுக்குள்ளயே இப்பிடித்தான்” என்று சொல்லிக் கையைக் கழுவிக்கொள்ளக் காத்திருந்த வாசகர்கள் அப்போதும் உண்டு, இப்போதும் உண்டு. ஆனால் நாவலை முழுதாகப் படித்தவன் அப்படிச் சொல்ல முடியாது. காலனி ஏன் ஆரோக்கியத்துக்கு அளந்து போட யோசிக்கிறது? காலனிக்கே குடித்தெரு அளந்து போட யோசிக்கிறது. மேலே பிடிக்கிற கஞ்சத்தனம் கீழே இறங்கி வருகிறது. சாதியின் ஏற்பாடே மேலே போகப்போக மரியாதை, கீழே வரவர இளக்காரம் என்று அம்பேத்கர் சொல்லியிருக்கிறார். தனக்குக் கீழே ஒருவன் இருக்கிறான் என்ற சின்ன ஆறுதலை ஒவ்வொருவருக்கும் கொடுத்துத்தான் அது இத்தனை காலம் நிலைத்திருக்கிறது. ஆரோக்கியத்தின் கதையை எழுதாமல் விட்டால் அந்த ஏற்பாடு பாதிதான் தெரியும்.

இதே சண்டை அமெரிக்காவிலும் நடந்திருக்கிறது. ஜோரா நீல் ஹர்ஸ்டன் என்ற கறுப்பின எழுத்தாளர் ஃபுளோரிடாவில் ஈட்டன்வில் என்ற ஊரில் வளர்ந்தவர். கறுப்பின மக்களே உருவாக்கி, அவர்களே ஆண்ட சிற்றூர் அது. 1937-இல் அவருடைய புகழ்பெற்ற நாவல் வந்தது. கிராமத்துக் கறுப்பினப் பெண் ஒருத்தியின் மூன்று கல்யாணங்கள், அவள் பேச்சு, அவள் ஆசை. முற்போக்கு எழுத்தின் பெரிய பெயராகப் பின்னர் வளர்ந்த ரிச்சர்டு ரைட், அவரும் கறுப்பினத்தவர்தான், இந்த நாவலில் கருத்தும் இல்லை செய்தியும் இல்லை, வெள்ளைக்காரர்கள் ரசிக்கிற மாதிரி எழுதப்பட்டிருக்கிறது என்று மதிப்புரை எழுதினார். ஹர்ஸ்டன் 1960-இல் வறுமையில் இறந்தார். கல்லறைக்குப் பெயர்ப் பலகைகூட இல்லை. 1973-இல் ஆலிஸ் வாக்கர் தேடிப்போய் அந்த இடத்தில் கல் நட்டார். இன்று அந்த நாவல் அமெரிக்கப் பள்ளிகளில் பாடம். ரைட்டும் பாடம். காலம் இருவரையும் வைத்துக்கொண்டது.

இமையத்துக்கு இன்னும் நெருக்கமான ஒருவர் எர்னெஸ்ட் கெயின்ஸ். 1933-இல் லூசியானா மாநிலத்தில், கரும்புத் தோட்டம் ஒன்றின் கூலிக்குடியிருப்பில் பிறந்தவர். முன்னோர் அடிமைகளாக இருந்த அதே குடியிருப்பு. நடக்க முடியாத ஓர் அத்தை, தரையில் தவழ்ந்தே சமைத்து, துவைத்து, பிள்ளைகளை வளர்த்தார். எழுதப் படிக்கத் தெரியாத முதியவர்களுக்குச் சிறுவன் கெயின்ஸ் கடிதம் எழுதிக் கொடுப்பான். அவர்கள் இரண்டு வரி சொல்லிவிட்டு நிறுத்துவார்கள். மீதியை அவன்தான் நிரப்ப வேண்டும். எழுத்தாளன் ஆவதற்கு அதைவிட நல்ல பள்ளிக்கூடம் எது? 1948-இல் 15 வயதில் கலிஃபோர்னியாவுக்குப் போனார். அங்கே பொதுநூலகத்தில் தன் மக்களைப் பற்றிய புத்தகம் ஒன்றுகூட இல்லை. கிராமத்து மனிதர்கள் எங்கே இருக்கிறார்கள் என்று தேடித் தேடி ரஷ்ய நாவல்களில் போய் நின்றார். துர்கனேவைப் படித்துவிட்டு லூசியானாவை எழுதினார். அவருடைய முதல் நாவல் வந்த ஆண்டு 1964; இமையம் பிறந்த ஆண்டு.

கெயின்ஸ் 1993-இல் எழுதிய நாவலில் ஒரு காட்சி உண்டு. செய்யாத கொலைக்காக ஒரு கறுப்பின இளைஞனுக்கு மரண தண்டனை. அவனுக்காக வாதாடிய வக்கீலே நீதிமன்றத்தில் அவனைப் பன்றியோடு ஒப்பிட்டுவிட்டார். அவனை வளர்த்த கிழவிக்கு ஒரே ஆசை: சாகிறபோது அவன் மனிதனாகச் சாக வேண்டும். அதற்கு ஊர்ப் பள்ளிக்கூட வாத்தியார் சிறைக்குப் போய் அவனிடம் பேச வேண்டும். சிறைக்குப் போக அனுமதி வேண்டும். அனுமதி வாங்க, அந்தக் கிழவி தான் காலமெல்லாம் சமைத்துத் துவைத்துப் போட்ட வெள்ளைக்காரர் வீட்டுக்குப் போகிறாள். பின்வாசல் வழியாகத்தான் போகிறாள். இந்தக் குடும்பத்துக்கு நான் எவ்வளவோ செய்திருக்கிறேன் என்று திரும்பத் திரும்பச் சொல்கிறாள். பிறகு ஒரு நாள் அதே வீட்டுச் சமையலறையில் வாத்தியாரை மணிக்கணக்காகக் காக்க வைக்கிறார்கள்.

இதைப் படித்தபோது எனக்குக் களத்துமேடுதான் ஞாபகம் வந்தது. லூசியானாவின் பின்வாசலிலும் நம் களத்துமேட்டிலும் ஒரே பேச்சுதான் நடக்கிறது. செய்த வேலையை நினைவூட்டித்தான் கேட்க முடியும். ஆனால் கடன்பட்டவர் முகத்தைப் பார்த்துக் கடன் என்று சொல்ல முடியாது. கெயின்ஸ் கடைசியில் அந்தத் தோட்டத்து நிலத்திலேயே ஒரு துண்டு வாங்கி வீடு கட்டிக்கொண்டு திரும்பி வந்தார், தன் முன்னோர் புதைந்த இடுகாட்டைப் பராமரிப்பதைத் தன் வேலையாக எடுத்துக்கொண்டார், 2019-இல் இறந்தார். நம்முடைய ஆளுக்குத் திரும்பி வருகிற வேலையே இல்லை. அவர் போகவே இல்லை.

போகாததன் பலன் மொழியில் தெரிகிறது. நடுநாட்டுப் பேச்சுக்கு இலக்கியத்தில் இடம் கிடைத்த வரலாற்றை எழுதினால் மூன்று பெயர்களை விட முடியாது. 1988-இல் ‘சனங்களின் கதை’ என்று கவிதைகளைக் கொண்டுவந்த த. பழமலய். போக்குவரத்துக் கழகப் பணிமனையில் வேலை பார்த்துக்கொண்டே ‘அஞ்சலை’ எழுதி, நடுநாட்டுச் சொற்களுக்கு ஓர் அகராதியும் தொகுத்துக் கொடுத்த கண்மணி குணசேகரன். மூன்றாவது இமையம். வேர்க்கடலையை மல்லாட்டை என்று சொன்னால் சென்னையில் முழிப்பார்கள், இங்கே கொல்லைக்குப் போவார்கள். ‘எங் கதெ’ நாவலில் கதை சொல்கிறவன் தலைப்பிலிருந்து கடைசி வரி வரை இந்தப் பேச்சில்தான் பேசுகிறான். படித்து வேலை இல்லாத ஓர் ஆண், கணவனை இழந்த ஒரு பெண்ணின் மேல் கொண்ட பித்து. ஆணின் அதிகாரமும் ஆணின் கையாலாகாத்தனமும் ஒரே வாக்கியத்தில் வருகிற எழுத்து அது. அங்கேயும் பாருங்கள், அவன்தான் கேட்டு நிற்கிறான். அவளுடைய அன்பு தனக்கு வர வேண்டிய பாக்கி என்று நினைக்கிறான். அவள் அப்படி நினைக்கவில்லை.

‘செடல்’ நாவலை இங்கே விரிக்க நேரமில்லை. மழை பொய்த்த ஊர், தன் பாவத்தைக் கழிக்க ஒரு கூத்தாடிக் குடும்பத்துச் சிறுமியைச் சாமிக்குப் பொட்டுக்கட்டி விடுகிறது. ஊருக்கு மழை வேண்டும், விலை கொடுக்க வேண்டியவள் அவள். அவளைப் பிறகு காப்பாற்றுவது சாமியும் இல்லை, ஊரும் இல்லை, கூத்துதான்.

இனி நம் ஊருக்கு மிகப் பக்கத்தில் உள்ள ஒன்றைப் பேசாமல் போனால் இந்தப் பேச்சுக்கு மரியாதை இல்லை. 2003 ஜூலை 8. இங்கிருந்து கூப்பிடு தூரத்தில் இருக்கிற புதுக்கூரைப்பேட்டை. முருகேசன், பொறியியல் பட்டதாரி, தலித். கண்ணகி, வன்னியர் சமூகத்துப் பெண். ரகசியமாகத் திருமணம் செய்துகொண்டவர்கள். இருவரையும் ஊர் பார்க்க விஷம் ஊற்றிக் கொன்று எரித்தார்கள். தீர்ப்பு வர 2021 செப்டம்பர் ஆனது. கடலூர் நீதிமன்றம் 13 பேரைக் குற்றவாளிகள் என்றது. அவர்களில் காவல் துறையினரும் இருந்தார்கள். 2025-இல் உச்ச நீதிமன்றம் வரை போய் வழக்கு முடிந்தது. ஒரு கொலைக்கு நீதி கேட்டு ஒரு குடும்பம் இருபது ஆண்டுக்கு மேல் நின்றது. இதுவும் கேட்டு நிற்கிற கதைதான்.

‘பெத்தவன்’ என்ற இமையத்தின் நெடுங்கதை 2012 செப்டம்பரில் ‘உயிர்மை’ இதழில் வந்தது. வேறு சாதிப் பையனை விரும்புகிற மகளைக் கொன்றுவிடு என்று பழனி என்ற தகப்பனுக்கு ஊர் கெடு வைக்கிறது. இந்தக் கதையில் ஆச்சரியம் என்னவென்றால், கேட்கிறவர்கள் இடம் மாறிவிடுகிறார்கள். இங்கே ஊரே கூடி வந்து ஒரு தகப்பனிடம் கேட்கிறது. மகளின் உயிரைக் கேட்கிறது. சாதிக்காரனாக இருப்பதற்கு அவன் கட்ட வேண்டிய வரி மாதிரி அதைக் கேட்கிறது. அவன் சரி என்று தலையாட்டுகிறான். இரவில் மகளுக்குப் பணமும் நகையும் கொடுத்து அனுப்பிவிடுகிறான். ஊருக்குத் தர வேண்டிய பாக்கியைத் தன் உயிரால் கட்டுகிறான். கதை வந்து ஏறத்தாழ இரண்டு மாதத்தில், நவம்பர் 7 அன்று, தருமபுரி நத்தம் காலனியில் வீடுகள் எரிந்தன. அங்கேயும் கலப்புத் திருமணம், அங்கேயும் பெண்ணின் தகப்பனின் சாவு. எழுத்தாளருக்கு ஜோசியம் தெரியுமா என்று கேட்டார்கள். ஜோசியம் எதற்கு? இந்த வட்டாரத்தில் கண்ணைத் திறந்து வைத்திருந்தாலே போதும்.

இந்தக் கதையில் எனக்கு முக்கியமாகப் படுவது இன்னொன்று. பழனி ஆதிக்க சாதிக்காரன். அவன் வீட்டுக்குள் போய், அவன் மனைவி, அவன் அம்மா, ஊனமுற்ற இளைய மகள் எல்லோரோடும் உட்கார்ந்து, அவன் எவ்வளவு நெருக்கடியில் இருக்கிறான் என்று இமையம் எழுதியிருக்கிறார். வெறுப்பில் எழுதியிருந்தால் அரைப் பக்கத்தில் முடிந்திருக்கும். சாதி தன் சொந்தக்காரனையே எப்படிக் கழுத்தைப் பிடிக்கிறது என்று காட்டியதால்தான் அந்தக் கதை அந்தச் சாதி வீடுகளுக்குள்ளும் போய்ப் படிக்கப்பட்டது.

‘செல்லாத பணம்’ நாவலில் களம் புதுச்சேரி ஜிப்மர் மருத்துவமனையின் தீக்காயப் பிரிவு. ரேவதி பொறியியல் படித்தவள். வசதியான வீட்டுப் பெண். அகதியாக வந்த குடும்பத்து ஆட்டோ ஓட்டுநரைக் கட்டிக்கொண்டவள். இப்போது உடல் எரிந்து கிடக்கிறாள். அப்பா ஓய்வுபெற்ற தலைமையாசிரியர், கையில் பணம் இருக்கிறது. வார்டுக்கு வெளியே நிற்கிறார். உள்ளே போகிற ஒவ்வொரு டாக்டரிடமும் ஒவ்வொரு நர்ஸிடமும் ஒரு வார்த்தை கேட்டு நிற்கிறார். வாழ்நாளெல்லாம் கொடுக்கிற இடத்தில் இருந்த மனிதர் முதல் முறையாகக் கேட்கிற இடத்துக்கு வந்திருக்கிறார். ஆரோக்கியத்துக்குப் பழகிப்போன அந்த நிற்றல் அவருக்குத் தெரியவில்லை; எப்படிக் கேட்பது என்ற பாடம் அவருக்கு யாரும் சொல்லித் தரவில்லை. கால் நூற்றாண்டு இடைவெளியில் வந்த இரண்டு நாவல்களும் இந்த இடத்தில் ஒன்றையொன்று பார்த்துக்கொள்கின்றன.

‘வாழ்க வாழ்க’ உங்களுக்குச் சிரிப்பு மூட்டும். கட்சிக் கூட்டத்துக்கு வேனில் ஏற்றிக்கொண்டு போன பெண்கள் வெயிலில் தலைவருக்காகக் காத்திருக்கிறார்கள். பேசிய காசு வருமா, தண்ணீர் கிடைக்குமா, பிளாஸ்டிக் நாற்காலி யாருக்கு என்று ஒரே அமளி. கட்சிக்காரரே எழுதிய கதை என்பதால் அந்தக் கிண்டலுக்கு மதிப்பு அதிகம். அந்த நாற்காலிச் சண்டைக்குள்ளும் சாதி வந்து உட்கார்ந்துகொள்கிறது.

எனக்குக் குறைகளே தெரியவில்லையா என்று கேட்பீர்கள். தெரிகிறது. பின்னாளைய கதைகள் சிலவற்றில் உரையாடல் ஒரே இடத்தில் சுற்றிச் சுற்றி வருகிறது. புலம்பல் நீளும்போது வாசகனுக்கு மூச்சு முட்டுகிறது. ஆண்களைவிடப் பெண்களை அவர் நன்றாக எழுதுகிறார், சில கதைகளில் ஆண்கள் நிழலாகவே நின்றுவிடுகிறார்கள். ‘கோவேறு கழுதைகள்’ நூலில் இருக்கிற அடக்கத்துக்குப் பின்னால் க்ரியா ராமகிருஷ்ணன் போன்ற ஒரு பதிப்பாசிரியரின் கண் இருந்ததையும் நாம் மறக்கக் கூடாது. நல்ல நாவலுக்கு நல்ல எடிட்டர் வேண்டும். தமிழில் அந்த வேலைக்கும் யாரும் சரியான கூலி கொடுப்பதில்லை.

இனி புத்தகத்தை மூடிவிட்டு வெளியே வருவோம். ஆரோக்கியம் இன்று உயிரோடு இருந்தால் தாலுகா ஆபீசில் நின்றுகொண்டிருப்பாள். புதிரை வண்ணார் பட்டியல் சாதியினர்தான். 2009-இல் தமிழ்நாடு அரசு அவர்களுக்கென்று நல வாரியமும் அமைத்தது. ஆனால் சாதிச் சான்றிதழ் கிடைக்காமல் அலைகிற பிள்ளைகளின் செய்தி இன்றும் வந்துகொண்டுதான் இருக்கிறது. ஊருக்கு ஒரு வீடு, இரண்டு வீடு என்று சிதறிக் கிடக்கிற மக்கள். ஓட்டு எண்ணிக்கையில் கணக்குக்கு வராதவர்கள். இதில் ஆரோக்கியத்தின் குடும்பம் கிறிஸ்தவக் குடும்பம் வேறு. 1950-ஆம் ஆண்டுக் குடியரசுத் தலைவர் ஆணைப்படி இந்துக்கள் மட்டுமே பட்டியல் சாதியினர் ஆக முடியும் என்றிருந்தது; 1956-இல் சீக்கியரையும் 1990-இல் பௌத்தரையும் சேர்த்தார்கள். கிறிஸ்தவர் இன்றுவரை சேரவில்லை. மாதா கோயிலுக்குப் போனதால் ஆரோக்கியத்தின் தலையிலிருந்த அழுக்கு மூட்டை இறங்கிவிடவில்லை. அரசாங்கத்தின் ஏட்டில் மட்டும் இறங்கிவிட்டது.

கடைசியாக, இந்த ஊர்க்காரர்களுக்கு ஒன்று சொல்கிறேன். கோப்பை செய்கிற ஊர் இது. எந்தக் கோப்பையில் யார் வாய் வைக்கலாம் என்று தமிழ்நாட்டுத் தேநீர்க் கடைகள் ரொம்ப காலம் சட்டம் போட்டு வைத்திருந்தன. தனிக் குவளை முழுதாக ஒழிந்துவிட்டது என்று நெஞ்சில் கை வைத்துச் சொல்ல யாருக்கும் துணிச்சல் வராது. தொழிற்பேட்டையில் அகல் விளக்குக்கும் கொலு பொம்மைக்கும் வண்ணம் தீட்டுகிற பெண்களில் பலர் கழுதூர் மாதிரி ஊர்களிலிருந்து பஸ் ஏறி வருகிறவர்கள். அவர்களுக்கு உருப்படிக் கணக்கில் காசு எண்ணிக் கொடுக்கிறபோது, தீபாவளிக்குக் கூடவே ஒரு புடவையும் இனிப்புப் பொட்டலமும் கொடுக்கிறோமே, அது கூலியில் சேர்த்தியா, இனாமில் சேர்த்தியா? முதலாளி ஒன்று சொல்வார், அந்த அம்மா ஒன்று சொல்வார். இரண்டு பேரிடமும் கேட்டுப் பாருங்கள். பொங்கலுக்கு வாசலில் வந்து நிற்கிற துப்புரவுப் பணியாளருக்குக் கொடுக்கிற நூறு ரூபாயைப் பற்றியும் அதே கேள்வியை வீட்டில் கேட்டுப் பாருங்கள். பதிலில் வித்தியாசம் இருக்கிற வரைக்கும் ‘கோவேறு கழுதைகள்’ பழைய புத்தகம் ஆகாது.

நம் பள்ளிகளிலும் கல்லூரிகளிலும் இந்த நாவலை முழுதாக வாசிக்க வையுங்கள் என்பது என் வேண்டுகோள். தேர்வுக்கு ஒரு பகுதியை வெட்டிக் கொடுப்பதால் பயனில்லை. களத்துமேட்டில் பங்கு குறைந்துகொண்டே வருவது முழுதாகப் படித்தால்தான் உறைக்கும். லட்சுமி ஹோம்ஸ்ட்ரோம் ஆங்கிலத்தில் மொழிபெயர்த்து உலகம் படித்துவிட்ட நாவலை அது பிறந்த மண் படிக்காமல் இருப்பது சரியில்லை.

நான் சொன்னதில் மறுக்க வேண்டியது நிறைய இருக்கும். குறிப்பாக, மேலே இருக்கிறவர்களை விட்டுவிட்டுக் கீழே இருக்கிறவர்களின் குறையை ஏன் இவ்வளவு பேசுகிறீர்கள் என்று யாராவது கேட்பீர்கள். கேளுங்கள். ஒலிவாங்கி உங்களிடம் வரும்.